கியோட்டோவைக் கைடு வைத்து நடந்து பார்ப்பது எப்படி? தருமபுரி, கிருஷ்ணகிரியிலிருந்து போகிறவர்களுக்கு

ஓசூர் கம்பெனி வேலையாக ஒசாகா, நகோயா பக்கம் போகிறவர்களுக்குக் கியோட்டோ எட்டிப் பார்க்கும் தூரம்தான். நகோயாவிலிருந்து நொசோமி புல்லட் ரயிலில் சுமார் 35 நிமிடம்; ஒசாகாவிலிருந்து சாதாரண விரைவு ரயிலில் அரை மணி நேரம். குடும்பத்தோடு சுற்றுலா போகிறவர்களும் டோக்கியோவுக்கு அடுத்து இந்த ஊரைத்தான் கேட்கிறார்கள். 794-இல் தலைநகரான ஊர். 1868 வரை, ஆயிரம் ஆண்டுகளுக்கு மேல், பேரரசர் இருந்த இடம். எந்தத் தெருவில் திரும்பினாலும் ஒரு கோயில் நிற்கும். எது எதற்காக நிற்கிறது என்று சொல்ல ஆள் இல்லாவிட்டால் மூன்றாவது கோயிலுக்குப் பிறகு எல்லாம் ஒன்றுபோலத் தெரியும். தனிக் கைடு தேவைப்படுவது இதற்காகத்தான்.

செலவை முதலிலேயே தெரிந்துகொள்ளுங்கள். உரிமம் பெற்ற கைடு நான்கு மணி நேரத்துக்கு ஏறத்தாழ 20,000 முதல் 40,000 யென் வரை கேட்பார். ஒரு யென் அரை ரூபாய்க்குச் சற்று மேல். பெரும்பாலும் இது ஆளுக்கு இவ்வளவு என்ற கணக்கு இல்லை, முழுக் குழுவுக்கும் சேர்த்து. அதனால் இரண்டு பேர் போவதைவிட நான்கைந்து பேர் போனால் கட்டுப்படியாகும். இது போக, கைடின் நுழைவுக் கட்டணமும் வழியில் ஏறும் பஸ், டாக்ஸிச் செலவும் உங்களுடையது. முழு நாள் வைத்தால் மதியச் சாப்பாடும் சேரும். இவ்வளவு கொடுத்து அமர்த்தும் நேரம் உருப்படுமா வீணாகுமா என்பது ஊரிலிருந்து நீங்கள் அனுப்பும் முதல் செய்தியிலேயே பாதி முடிவாகிவிடுகிறது.

இடத்தைக் குறையுங்கள்

நம்மவர்கள் செய்யும் பெரிய தவறு, பட்டியலை நீட்டுவது. கின்காகுஜி என்கிற பொற்கோயில், அராஷியாமா மூங்கில் தோப்பு, ஃபுஷிமி இனாரியின் சிவப்பு வாசல்கள், கியோமிசு கோயில், நிஜோ கோட்டை எல்லாவற்றையும் ஒரே நாளில் காட்டச் சொல்வார்கள். பொற்கோயில் வடமேற்கு, மூங்கில் தோப்பு மேற்குக் கோடி, இனாரி தெற்கு, கியோமிசு கிழக்கு மலையடிவாரம். கிருஷ்ணகிரி கோட்டை, கே.ஆர்.பி. அணை, தீர்த்தமலை, ஒகேனக்கல் நான்கையும் டவுன் பஸ்ஸில் ஒரே நாளில் முடிப்பேன் என்பதற்கு இது சமம். மணிக்கணக்கில் காசு வாங்கும் கைடு உங்களோடு பஸ்ஸில் நின்றுகொண்டே வருவார். நெரிசலில் அவர் பேசுவதும் காதில் விழாது.

கைடு தேவையான இடம் எது, தேவையில்லாத இடம் எது என்று முதலில் பிரியுங்கள். பொற்கோயிலுக்குக் கைடு வேண்டாம். குளத்தைச் சுற்றி ஒரே பாதை, முக்கால் மணி நேரத்தில் வெளியே வந்துவிடலாம். இப்போது நிற்கும் கட்டடம் 1950-இல் தீவைத்து எரிக்கப்பட்ட பிறகு 1955-இல் மீண்டும் கட்டியது என்ற ஒரு செய்தியோடு போனால் போதும். ஃபுஷிமி இனாரிக்கும் வேண்டாம். 24 மணி நேரமும் திறந்திருக்கும், கட்டணம் கிடையாது. கியோட்டோ ஸ்டேஷனிலிருந்து ஜே.ஆர். நாரா லைனில் ஐந்தே நிமிடத்தில் இனாரி ஸ்டேஷன். விடியற்காலையில் நீங்களே போய்வரலாம். மலை 233 மீட்டர். உச்சி வரை ஏறிச் சுற்றி இறங்க இரண்டிலிருந்து மூன்று மணி நேரம் ஆகும். பாதி வழியில் திரும்பினாலும் குறையில்லை.

கைடு இல்லாமல் பாழாகிற பகுதி கிழக்கே உள்ள ஹிகாஷியாமாவும் அதை ஒட்டிய கியோனும். கோயில், கடைத்தெரு, பழைய மரவீடு, கலைஞர்கள் வாழும் தெரு எல்லாம் அங்கே அடுத்தடுத்து வருகின்றன. ஏறத்தாழ 3 கிலோமீட்டர், முழுக்க நடை. முதல்முறை போகிறவர்களுக்கு இந்த ஒரு பகுதி, நான்கு மணி நேரம் போதும். எட்டு மணி நேரம் கேட்காதீர்கள். தொடர்ந்து ஆங்கிலம் கேட்டுக் காது சலித்துவிடும். கால் சலிப்பது அதற்குப் பிறகுதான்.

எப்போது போவது

நம் பள்ளி விடுமுறையை வைத்தே பார்ப்போம். ஏப்ரல் கடைசியிலிருந்து ஜூன் தொடக்கம் வரை பிள்ளைகளுக்கு விடுமுறை. இதில் ஏப்ரல் 29 முதல் மே 5 அல்லது 6 வரை ஜப்பானில் தொடர் விடுமுறை. உள்ளூர்க்காரர்களே கியோட்டோவில் வந்து குவிவார்கள். அந்த வாரத்தைத் தவிர்த்து மே இரண்டாம் வாரத்திலிருந்து மாதக் கடைசிக்குள் போங்கள். பகலில் 25 டிகிரியை ஒட்டிய வெயில், மழை குறைவு. ஓசூர்க்காரர்களுக்கு வீட்டில் இருப்பது போலவே இருக்கும். மே 15 அன்று அவோய் திருவிழா ஊர்வலம் அரண்மனையிலிருந்து கிளம்பும். அன்று பஸ் தடம் மாறும் என்பதை மனதில் வையுங்கள்.

அரையாண்டு விடுமுறையில் போகிறவர்கள் டிசம்பர் 29 முதல் ஜனவரி 3 வரை நடைப் பயணம் வைக்க வேண்டாம். கடைகள் பல மூடியிருக்கும். புத்தாண்டு வழிபாட்டுக்குக் கோயில்களில் கூட்டம் நெரியும். ஜூன் முதல் ஜூலை நடு வரை மழைக்காலம். ஜூலை, ஆகஸ்ட் வெயிலைப் பற்றி “நாங்கள் தருமபுரி வெயிலையே பார்த்தவர்கள்” என்று சொல்ல வேண்டாம். தருமபுரியில் அடிப்பது உலர்ந்த வெயில். கியோட்டோ மூன்று பக்கம் மலை சூழ்ந்த பள்ளம். 35 டிகிரிக்கு மேலே போகும்போது காற்றே அசையாது, புழுக்கம் சென்னையைப் போல இருக்கும். வயதானவர்களை அந்த மாதங்களில் அழைத்துப் போக வேண்டாம். மார்ச் கடைசி செர்ரிப் பூவும் நவம்பர் பிற்பகுதிச் செம்மேப்பிளும் கண்ணுக்கு விருந்து. ஆனால் கைடு கிடைப்பதே கடினம், தங்கும் விலையும் ஏறும். அந்த வாரங்களுக்கு மூன்று, நான்கு மாதம் முன்பே பேசிவிட வேண்டும்.

கைடைத் தேர்ந்தெடுப்பது

ஜப்பானில் கைடுகளுக்குத் தேசியத் தேர்வு உண்டு. 2018 ஜனவரிக்கு முன்பு அந்த உரிமம் இல்லாமல் காசு வாங்கிக்கொண்டு வெளிநாட்டவருக்கு வழிகாட்ட முடியாது. சட்டம் தளர்ந்த பிறகு யார் வேண்டுமானாலும் செய்யலாம். உரிமம் பெற்றவர் என்ற பட்டத்தை மட்டும் போட்டுக்கொள்ளக் கூடாது. அதனால் இப்போது இணையத்தில் இரண்டு வகையினரும் கலந்து இருக்கிறார்கள். உரிமம் இல்லாத எல்லாரும் மோசம் என்று சொல்லிவிட முடியாது. இருந்தாலும் வரலாறு, கோயில் மரபு பற்றித் துருவிக் கேட்கப் போகிறீர்கள் என்றால் உரிமம் உள்ளவரை அமர்த்துவதுதான் எங்கள் பரிந்துரை. “தேசிய உரிமம் உண்டா?” என்று நேராகக் கேட்கலாம், யாரும் தவறாக எடுத்துக்கொள்ள மாட்டார்கள். பதிவு அட்டையை அவர்கள் கையோடு வைத்திருப்பார்கள்.

தேர்வு நடக்கும் மொழிகளில் தமிழ் இல்லை, இந்தியும் இல்லை. ஆங்கிலக் கைடுதான் வழி. வீட்டில் அம்மாவுக்கோ தாத்தாவுக்கோ ஆங்கிலம் வராது என்றால், மொழிபெயர்க்கும் பொறுப்பை ஒருவரிடம் முன்கூட்டியே கொடுத்துவிடுங்கள். ஆளாளுக்குச் சொன்னால் கைடு பேசுவது யாருக்கும் கேட்காது. “இரண்டு வாக்கியம் சொல்லிவிட்டு நிறுத்துங்கள், நாங்கள் தமிழில் சொல்லிக்கொள்கிறோம்” என்று கைடிடம் தொடக்கத்திலேயே சொல்லிவைத்தால் அவரும் அந்தத் தாளத்துக்கு வந்துவிடுவார். இப்படி மொழிபெயர்த்துக்கொண்டு போனால் நேரம் ஏறக்குறைய ஒன்றரை மடங்காகும். பார்க்கும் இடங்களில் ஒன்றைக் குறைக்க வேண்டியிருக்கும்.

கையில் காசு குறைவாக இருக்கும் பயிற்சி மாணவர்களுக்குத் தன்னார்வக் கைடுகள் இருக்கிறார்கள். கட்டணம் கிடையாது, அவர்களுடைய பயணச் செலவும் நுழைவுச் சீட்டும் சாப்பாடும் நீங்கள் கொடுக்க வேண்டும். பல வாரம் முன்பே எழுத வேண்டும், ஆள் கிடைப்பார் என்ற உறுதியும் இல்லை. ஆனால் பழகுவதற்கு இனிமையானவர்கள்.

ஆறு, ஏழு பேருக்கு மேல் போனால் ஒரு கைடு போதாது. ஹிகாஷியாமா சந்துகள் குறுகியவை. வரிசை நீண்டால் கடைசியில் வருபவருக்கு ஒன்றும் கேட்காது. இரண்டாகப் பிரிந்து இரண்டு கைடு வைப்பது நல்லது.

முதல் செய்தியில் என்ன எழுதுவது

பெரும்பாலானோர் “நான்கு பேர், இந்தத் தேதி, எவ்வளவு?” என்று மட்டும் கேட்கிறார்கள். கைடும் எல்லாருக்கும் காட்டும் அதே சுற்றைக் காட்டி அனுப்பிவிடுவார். கீழே உள்ளதை அப்படியே ஆங்கிலத்தில் எழுதுங்கள்:

1. எத்தனை பேர், ஒவ்வொருவரின் வயது. யாருக்கு முட்டி வலி, எத்தனை படி ஏறமுடியும், எவ்வளவு நேரத்துக்கு ஒருமுறை உட்கார வேண்டும்.
2. சைவமா அசைவமா. சைவம் என்றால் மீன் சாறும் முட்டையும் கூடாதா என்பதையும் சேர்த்து எழுத வேண்டும். மாட்டிறைச்சி கூடாது என்பதைத் தனியாகக் குறிப்பிடுங்கள்.
3. உங்களுக்கு எதில் ஆர்வம். மரவேலையா, தோட்டமா, கோயில் வழிபாடா, நெசவா, சமையலா. இதுதான் மிக முக்கியமான வரி.
4. தங்கும் விடுதியின் பெயர், கிளம்பும் நேரம், கட்டாயம் முடிக்க வேண்டிய நேரம்.
5. மழை வந்தால் என்ன, புயலில் ரயில் நின்றால் பணம் திரும்புமா, எத்தனை நாள் முன்பு ரத்து செய்யலாம்.

மூன்றாவது வரியைப் பலர் விட்டுவிடுகிறார்கள். பட்டு நெசவு பார்க்க வேண்டும் என்று சொன்னால் வடக்கே நிஷிஜின் நெசவுப் பகுதிக்குக் கூட்டிப்போவார். நம்மூர்த் தெய்வங்கள் ஜப்பானுக்குப் போன கதை வேண்டும் என்று சொன்னால் பாதையே மாறும். சொல்லாவிட்டால் அவருக்கு எப்படித் தெரியும்?

சந்திக்கும் இடமாகக் கியோட்டோ ஸ்டேஷனைச் சொல்லாதீர்கள். பல வாசல், பல தளம். ஒருவரை ஒருவர் தேடுவதிலேயே அரை மணி நேரம் போகும். விடுதி வரவேற்பறை நல்லது. சொன்ன நேரத்துக்கு ஐந்து நிமிடம் முன்பே கைடு அங்கே நிற்பார். நீங்கள் இருபது நிமிடம் தாமதித்தால் அந்த இருபது நிமிடம் உங்கள் கணக்கில்தான் கழியும்; முடிவில் நீட்டித்துத் தரமாட்டார், அடுத்த வேலை இருக்கும்.

ஜப்பான் நேரம் நம்மைவிட மூன்றரை மணி நேரம் முன்னால். அங்கே காலை 8 மணி என்றால் உடம்புக்கு விடியற்காலை 4.30. இறங்கிய மறுநாளே நடைப் பயணம் வைத்தால் பிள்ளைகள் தூங்கி வழிவார்கள். ஒரு நாள் இடைவெளி விடுங்கள்.

காலும் ஷூவும்

பயணத்துக்கு ஒரு மாதம் முன்பிருந்து நடக்கத் தொடங்குங்கள். சமதளத்தில் நடப்பது மட்டும் போதாது. ஹிகாஷியாமா முழுக்கச் சரிவும் கற்படியும். கிருஷ்ணகிரிக் கோட்டை மலையோ, ஓசூர் சந்திரசூடேஸ்வரர் மலைப் படியோ, அரூர்ப் பக்கம் தீர்த்தமலையோ வாரம் ஒருமுறை ஏறி இறங்கினால் போதும். இறங்கும்போது முட்டி எப்படி இருக்கிறது என்று கவனியுங்கள். கியோட்டோ பாதையில் இறக்கமே அதிகம்.

வீட்டுப் பெண்கள் பலருக்குச் செருப்புதான் பழக்கம். பயணத்துக்கென்று புது ஷூ வாங்கி விமானத்தில்தான் முதல்முறை மாட்டுவார்கள். இரண்டாம் கோயிலிலேயே குதிகால் கொப்பளிக்கும். இரண்டு வாரம் முன்பே வாங்கி, கடைக்கும் கோயிலுக்கும் போட்டுப் பழக்குங்கள். கயிறு கட்டும் ஷூ வேண்டாம். பாய் விரித்த மண்டபங்களுக்குள் போகும்போதெல்லாம் கழற்ற வேண்டும், ஒரே காலையில் இரண்டு மூன்று முறை. காலை நுழைத்தால் ஏறிக்கொள்ளும் வகையோ, ஒட்டும் பட்டை வைத்ததோ எளிது. சாக்ஸ் கட்டாயம், ஓட்டை இல்லாததாக. குளிர்காலத்தில் மரத்தரை பனிக்கட்டி போலிருக்கும், தடித்த சாக்ஸ் வேண்டும்.

கோயிலில் செருப்பை வாசலில் விடுவது நமக்குப் பழகிய காரியம். அங்கே சின்ன வேறுபாடுகள்: ஷூவைக் கழற்றும் கல்லில் சாக்ஸ் காலை வைக்கக் கூடாது, கழற்றியதும் நேராக மரப்படியில் ஏற வேண்டும். சில கோயில்களில் ஷூவை ஒரு பையில் போட்டுக் கையோடு எடுத்துப்போகச் சொல்வார்கள். கழிப்பறைக்கென்று தனிச் செருப்பு இருக்கும், அதோடு பாய்மீது வந்துவிடாதீர்கள். வாசற்படியை மிதிக்காமல் தாண்டிப்போவது அங்கும் மரியாதை. பாட்டி சொல்லிக்கொடுத்ததே போதும்.

நான்கு மணி நேரப் பாதை

மேலே தொடங்கிக் கீழே இறங்குங்கள். கியோனிலிருந்து தொடங்கினால் கடைசியில் களைத்த காலோடு கியோமிசுவுக்கு ஏற வேண்டும். அதற்குள் எதிரே கூட்டமும் வந்துவிடும். காலை 7.45-க்கு விடுதியிலிருந்து டாக்ஸி. நகரப் பஸ் ஆளுக்கு 230 யென், நான்கு பேருக்கு 920. டாக்ஸிக்கு இன்னும் கொஞ்சம் சேர்த்துக் கொடுத்தால் பஸ் நிறுத்தத்திலிருந்து ஏறும் பத்து நிமிட மேடு மிச்சம். டாக்ஸிக் கதவு தானாகத் திறந்து தானாக மூடும், கையால் இழுக்க வேண்டாம்.

கியோமிசு கோயில் காலை 6 மணிக்கே திறக்கும். கட்டணம் 500 யென், சில்லறைக் காசாக வைத்திருங்கள். 8 மணிக்குள் போனால் மரத்தாலான மேடையில் நின்று மூச்சுவிட இடம் கிடைக்கும். 10 மணிக்கு மேல் தோளோடு தோள் இடிக்கும். கோயில் 778-இல் தோன்றியது, இப்போதுள்ள கட்டடம் 1633-இல் கட்டியது. மலைச் சரிவிலிருந்து 13 மீட்டர் உயரத்தில் நீட்டிக்கொண்டிருக்கும் அந்த மேடையை மேலே நின்று படம் எடுத்துவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். அழகு கீழே இருக்கிறது. ஆணி அடிக்காமல், கெயாகி மரத் தூண்களில் துளையிட்டு, குறுக்கு மரங்களைக் கோர்த்து, ஆப்பு வைத்து இறுக்கியிருக்கிறார்கள். நிலநடுக்கத்தில் இந்தக் கோர்ப்பு கொஞ்சம் அசைந்து கொடுக்கும், முறியாது. கீழிருந்து காட்டச் சொல்லிக் கைடிடம் கேளுங்கள். தச்சு வேலை தெரிந்தவர் உங்கள் குடும்பத்தில் இருந்தால் அங்கிருந்து நகரவே மாட்டார்.

அதன் அடியில்தான் ஒத்தோவா அருவி, மூன்று தாரையாக விழும். கியோமிசு என்றாலே தூய நீர் என்று பொருள். கோயிலுக்குப் பெயரே இந்த ஊற்றால் வந்தது. தீர்த்தமலையில் பாறையிலிருந்து விழும் இராம தீர்த்தத்தைப் பார்த்தவர்களுக்கு இங்கே எதையும் விளக்க வேண்டியதில்லை. நீண்ட கைப்பிடி வைத்த அகப்பையில் பிடித்துக் குடிப்பார்கள். மூன்று தாரையிலும் குடிப்பது பேராசை என்பது அங்குள்ள வழக்கு, ஒன்றைத் தேர்ந்துகொள்ளுங்கள். வரிசை நீண்டிருந்தால் விட்டுவிடலாம். இந்தக் கோயிலுக்கு மட்டும் ஒன்றேகால் மணி நேரம் ஒதுக்குங்கள். படி ஏறமுடியாதவர்களுக்குச் சக்கர நாற்காலிப் பாதை தனியாக இருக்கிறது, கைடு காட்டுவார்.

அடுத்து சன்னென்சக்கா, நினென்சக்கா என்ற இரண்டு கற்படிச் சரிவுகள். மழை பெய்திருந்தால் கல் வழுக்கும், ஓரமாகப் பிடித்து இறங்குங்கள். சன்னென்சக்காவில் விழுந்தால் மூன்று ஆண்டுக்குள் சாவு என்று ஒரு பழைய நம்பிக்கை. அதற்குப் பரிகாரமாகச் சுரைக்குடுக்கை விற்கும் கடையும் அங்கே உண்டு. பல கடைகள் 9 மணிக்கு மேல்தான் திறக்கும். இறங்கி வரும் நேரத்துக்குச் சரியாக இருக்கும். முக்கால் மணி நேரத்துக்கு மேல் கடையில் நிற்காதீர்கள். பொருள் வாங்க மதியம் கைடு போன பிறகு திரும்பி வரலாம். கிமோனோ வாடகைக்கு எடுத்து உடுத்த ஆசைப்பட்டால் அதற்கு ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகும், நடையும் பாதியாகக் குறையும். அதை வேறு நாளுக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

சந்து முனையில் யாசகா கோபுரம் தெரியும். 46 மீட்டர், ஐந்து அடுக்கு, 1440-இல் கட்டியது. வெளியே நின்று பார்த்தால் போதும். அதற்குப் பிறகு இருபது நிமிடம் எங்காவது உட்கார்ந்து தேநீர் குடியுங்கள். இந்த ஓய்வை “நேரம் போகிறது” என்று வெட்டுகிறவர்கள் கடைசி ஒரு மணி நேரத்தில் எதையும் கவனிப்பதில்லை. மேலும் மனம்விட்டுக் கேள்வி கேட்க ஏற்ற நேரமும் இதுதான். நடந்துகொண்டே கேட்டால் கைடு சுருக்கமாகத்தான் சொல்வார்.

மருயாமா பூங்கா வழியாக யாசகா ஆலயம். இங்கே வந்ததும் கோயிலுக்கும் ஆலயத்துக்கும் உள்ள வேறுபாட்டைக் கேட்டுத் தெளிவுபடுத்திக்கொள்ளுங்கள். ‘ஒதெரா’ என்றால் புத்த கோயில். ‘ஜின்ஜா’ என்றால் ஜப்பானின் சொந்தச் சமயமான ஷிண்டோவின் ஆலயம். தோரி என்கிற, இரண்டு தூணும் மேலே குறுக்கு மரமும் கொண்ட வாசல் இருந்தால் அது ஜின்ஜா. வழிபடும் முறையும் வேறு. ஜின்ஜாவில் தண்ணீர்த் தொட்டியில் முதலில் இடக்கை, பிறகு வலக்கை, பிறகு கையில் ஊற்றி வாயைக் கொப்பளிக்க வேண்டும். அகப்பையில் வாய் வைக்கக் கூடாது. உண்டியலில் காசு போட்டு, இருமுறை குனிந்து, இருமுறை கைதட்டி, மீண்டும் ஒருமுறை குனிய வேண்டும். ஒதெராவில் கைதட்டுவதில்லை, கைகூப்பினால் போதும். ஐந்து யென் காசு போடுவது வழக்கம். ‘கொஎன்’ என்ற அந்தச் சொல்லுக்கு நல்ல உறவு என்றும் பொருள் வரும். சூடம், ஊதுவத்தி எதையும் ஊரிலிருந்து எடுத்துப்போய்க் கொளுத்தாதீர்கள். கட்டடம் எல்லாம் மரம்.

யாசகாவில் கைடிடம் கட்டாயம் கேட்க வேண்டியது கியோன் திருவிழாவைப் பற்றி. 869-இல் கொள்ளை நோய் பரவியபோது அதைத் தணிக்கத் தொடங்கிய திருவிழா. ஜூலை மாதம் முழுவதும் நடக்கிறது. அம்மை தணிய மாரியம்மனுக்குத் திருவிழா எடுக்கும் நமக்கு இதன் உள்ளம் சட்டென்று புரியும். ஜூலை 17-இலும் 24-இலும் தேர் ஊர்வலம். பெரிய தேர் 12 டன் வரை எடை. அதன் சக்கரம் பக்கவாட்டில் திரும்பாது. அதனால் தெருமுனையில் பிளந்த மூங்கிலைப் பரப்பி, தண்ணீர் தெளித்து, அதன்மேல் சக்கரத்தை வழுக்கவிட்டு இழுத்துத் திருப்புகிறார்கள். முட்டுக்கட்டை போட்டுத் தேர் திருப்பும் ஊர்க்காரர்கள் இதைக் கைடிடம் சொன்னால், அவரும் குறிப்பெடுத்துக்கொள்வார். கியோன் என்ற பெயரே புத்தர் தங்கிய ஜேதவனத்தின் ஜப்பானியப் பெயரிலிருந்து வந்தது.

பிறகு ஹனமிகோஜி தெரு. கெய்கோ, மைகோ என்னும் கலைப்பெண்கள் வாழும் பகுதி. அவர்களை வழிமறிப்பதோ ஆடையைத் தொடுவதோ கூடவே கூடாது. 2024 முதல் இங்குள்ள தனியார் சந்துகளுக்குள் சுற்றுலாப் பயணிகள் நுழையத் தடை, மீறினால் 10,000 யென் கேட்பார்கள் என்று பலகை வைத்திருக்கிறார்கள். பிள்ளைகளைக் கையில் பிடித்துக்கொள்ளுங்கள். தெருவின் கடைசியில் கென்னின்ஜி, 1202-இல் எய்சாய் என்ற துறவி நிறுவிய, ஜென் என்ற புத்த மதப் பிரிவின் கோயில். ஷூவைக் கழற்றிப் பாயில் உட்கார்ந்து, தோட்டத்தைப் பார்த்து, இரட்டை டிராகன் கூரை ஓவியத்தை அண்ணாந்து பார்த்து முடிக்கலாம். ஜென் மரபின் முதல்வரான தருமா, காஞ்சிபுரத்து இளவரசர் போதிதருமர் என்று நம் பக்கம் வழங்கும் மரபைச் சொல்லிப் பாருங்கள், பேச்சு நீளும். இங்கே மணி 12-ஐ நெருங்கியிருக்கும்.

இன்னொரு அரை நாள் இருந்தால்

நம் தெய்வங்களைத் தேடிப்போங்கள். ஸ்டேஷனிலிருந்து தென்மேற்கே பதினைந்து நிமிட நடையில் தோஜி கோயில். அதன் ஐந்தடுக்குக் கோபுரம் ஏறத்தாழ 55 மீட்டர், ஜப்பானின் மரக் கோபுரங்களில் உயரமானது. அங்குள்ள உபதேச மண்டபத்தில் 21 சிலைகள். யானைமேல் இருப்பவர் தைஷகுதென், நம் இந்திரன். அன்னங்கள் தாங்கும் பீடத்தில் இருப்பவர் பொன்தென், பிரம்மா. அங்கிருந்து டாக்ஸியில் சன்ஜூசன்கென்தோ போனால் 120 மீட்டர் நீள மண்டபத்தில் கருணையின் போதிசத்துவரான கன்னோனின் 1,001 சிலைகளும் அவற்றுக்குக் காவலாக 28 தேவர்களும் நிற்பார்கள். அதில் குழலூதும் கருடனைக் கேட்டு வாங்கிப் பாருங்கள். உள்ளே படம் எடுக்கக் கூடாது, நம் கருவறை போலத்தான். இந்த அரை நாளுக்குச் சிற்பம் தெரிந்த கைடாகக் கேட்டு அமர்த்துங்கள். எல்லாரும் இதைச் சொல்ல மாட்டார்கள்.

முழு நாள் இருந்தால் நாரா. 710 முதல் 784 வரை தலைநகர். கியோட்டோவிலிருந்து ரயிலில் முக்கால் மணி நேரம். தோதாய்ஜியில் உள்ள பெரிய புத்தர் ஏறத்தாழ 15 மீட்டர். 752-இல் அந்தச் சிலைக்குக் கண் திறந்துவைத்தவர் போதிசேனர் என்ற இந்தியத் துறவி. பூங்காவில் திரியும் மான்கள் காகிதம், வரைபடம், சேலை முந்தானை எதையும் மெல்லும். முந்தானையைச் செருகிக்கொள்ளுங்கள்.

சாப்பாடு

சைவர்களுக்கு ஜப்பானில் இறைச்சியைவிட மீன் சாறுதான் சிக்கல். ‘தாஷி’ என்ற அந்தச் சாறு மிசோ சூப்பிலும் உடோன், சோபா நூடுல்ஸ் குழம்பிலும் காய்கறிக் கூட்டிலும்கூட இருக்கும். கடைக்காரர் இறைச்சி இல்லை என்றால் சைவம் என்றே நினைத்துக் கொடுப்பார். ஏமாற்றுவதாக எண்ண வேண்டாம், அங்கே அது உப்புப் போல. கைடை முதல் வேலையாக ஒரு சீட்டில் ஜப்பானிய மொழியில் எழுதித் தரச் சொல்லுங்கள்: இறைச்சி, மீன், மீன் சாறு, முட்டை கூடாது என்று. அந்தச் சீட்டு பயணம் முடியும் வரை உதவும். வாயால் சொல்ல, “நிகு தோ சகனா வா தபேமசென்”. இறைச்சியும் மீனும் சாப்பிட மாட்டேன் என்று பொருள்.

கோயில் சைவச் சமையலான ஷோஜின் ரியோரியில் வெங்காயம், பூண்டுகூட இருக்காது, முன்பதிவு தேவைப்படும். வெந்நீரில் இட்ட தோஃபுவான யுதோஃபு கியோட்டோவின் சிறப்பு. தொட்டுக்கொள்ளும் சாற்றில் மட்டும் மீன் உண்டா என்று கேளுங்கள். சோயாப் பாலின் ஏடான யுபாவும் நம் நாக்குக்குப் பிடிக்கும். அரிசி மாவும் பட்டையும் சேர்ந்த யாத்சுஹாஷி என்ற இனிப்பு, கொழுக்கட்டை மாவின் தங்கை. சன்னென்சக்காவில் சுவை பார்க்கத் தருவார்கள். வெறும் சோறு எங்கும் கிடைக்கும். பருப்புப் பொடியும் ஒரு சின்ன ஊறுகாய்ப் பாக்கெட்டும் பையில் இருந்தால் வயதானவர்கள் சமாளிப்பார்கள். அதைத் தங்கும் அறையில் வைத்துக்கொள்ளுங்கள், உணவகத்தில் பிரிக்காதீர்கள். நடந்துகொண்டே தின்பதை நிஷிகி கடைத்தெருவில் விரும்புவதில்லை. வாங்கிய கடை வாசலிலேயே நின்று முடிக்க வேண்டும். குப்பைத்தொட்டி கண்ணில் படுவது அரிது; குப்பைக்கென்று ஒரு பை எடுத்துப்போங்கள்.

முடிக்கும்போது

டிப்ஸ் கொடுக்கும் பழக்கம் இல்லை. நீட்டினால் கைடு தர்மசங்கடப்படுவார். பேசிய தொகையை ரொக்கமாகக் கொடுப்பதாக இருந்தால் கவரில் போட்டு இரண்டு கையாலும் கொடுங்கள்; அவர் முன்னால் எண்ண வேண்டாம், விடுதியிலேயே எண்ணி வைத்துவிடுங்கள். மனம் நிறைந்திருந்தால் ஊரிலிருந்து ஒரு சின்னப் பரிசு கொடுக்கலாம், அதை மகிழ்ச்சியாக வாங்கிக்கொள்வார்கள். கிருஷ்ணகிரிக்காரர்களுக்கு உடனே மாம்பழம்தான் நினைவுக்கு வரும். தாவரச் சான்றிதழ் இல்லாமல் பெட்டியில் கொண்டுபோகும் புதுப் பழத்தை விமான நிலையத்திலேயே பிடுங்கிவிடுவார்கள். பச்சைக் கறிவேப்பிலைக்கும் அதே கதி. இறைச்சி ஊறுகாய்க்கும் தடை உண்டு. சீல் வைத்த மாம்பழக் கூழ் டின்னோ மாம்பழ மிட்டாயோ கொண்டுபோங்கள். டின்னைக் கைப்பையில் வைக்காமல் பெரிய பெட்டியில் வையுங்கள்; 100 மில்லிக்கு மேல் உள்ள கூழை விமானத்துக்குள் விடமாட்டார்கள்.